அருவிக்கு முன்னால் கணவாயைப் பாருங்கள்

தென்காசிப் பக்கம் ஒரு நாள் போய்வரலாமா என்று நினைப்பவர்கள் எல்லாரும் கேட்கிற முதல் கேள்வி ஒன்றுதான்: “குற்றாலத்துல தண்ணி விழுதா?” விழுகிறது என்றால் வண்டியை எடுப்பார்கள். இல்லையென்றால் அடுத்த வாரம் பார்த்துக்கொள்ளலாம் என்று விட்டுவிடுவார்கள். போகிறவர்களும் பேரருவியில் ஒரு குளியல், ஐந்தருவியில் ஒரு குளியல், பார்டர் பரோட்டா, இரண்டு பாக்கெட் நேந்திரங்காய் சிப்ஸ் என்று முடித்துக்கொண்டு இருட்டுவதற்குள் ஊர் திரும்பிவிடுவார்கள். தலை துவட்டிய துண்டு காய்வதற்கு முன் பயணம் முடிந்திருக்கும்.

குளிக்கப் போவதில் தப்பு ஒன்றும் இல்லை. ஆனால் இதே ஆட்கள் வெளிநாடு போனால் வேறு மாதிரி ஆகிவிடுகிறார்கள். 2023-லிருந்து திருச்சியில் ஏறினால் நேராக ஹோ சி மின் நகரில் இறங்கலாம் என்று ஆனபிறகு, வியட்நாம் போய்வருவது நம்மவர்களுக்கு அவ்வளவு பெரிய காரியம் இல்லை. அங்கே ஹனோயிலிருந்து பலரும் போய்வரும் இடம் மாய் சாவ் என்ற பள்ளத்தாக்கு. தலைநகரிலிருந்து சுமார் 135 கிலோமீட்டர். மலைப்பாதை ஏறி இறங்கினால் சுற்றிலும் குன்று, நடுவே நெல்வயல், தூண்கள் மேல் கட்டிய மரவீடுகள். வெள்ளைத் தாய் எனப்படும் இனத்து மக்கள் அங்கே குடியிருக்கிறார்கள். வந்தவர்கள் ஒரு சைக்கிளை எடுத்துக்கொண்டு வரப்பை ஒட்டிய சிமெண்ட் பாதையில் சுற்றுகிறார்கள், ஒரு வீட்டு மாடியில் பாய் விரித்துச் சாப்பிடுகிறார்கள், திரும்புகிறார்கள். முண்டியடிக்க அருவி எதுவும் வேண்டாம். நெல் விளைகிற ஒரு பள்ளத்தாக்கைப் பார்ப்பதற்கென்றே காசு கொடுத்து வருகிறார்கள்.

திருநெல்வேலியிலிருந்து தென்காசி சுமார் 55 கிலோமீட்டர். வயல், மலை, அணை, தோப்பு எல்லாம் அங்கேயும் இருக்கிறது. நாம் அதையெல்லாம் ஜன்னல் வழியாகக் கடந்துபோய் அருவிக் கரையில் வரிசையில் நிற்கிறோம். ஒரு டீ சொல்லிக்கொள்ளுங்கள். இந்த வட்டாரத்தை எப்படிப் பார்க்கலாம் என்று நிதானமாகச் சொல்கிறேன். அருவியைக் கடைசியில் வைத்துக்கொள்வோம். முதலில் மலையில் இருக்கும் ஓர் இடைவெளியைப் பார்க்க வேண்டும்.

மேற்குத் தொடர்ச்சி மலை குஜராத் எல்லையில் தொடங்கி கன்னியாகுமரி வரை ஏறத்தாழ 1,600 கிலோமீட்டர் நீளத்துக்கு நிற்கிறது. ஜூன் பிறந்ததும் தென்மேற்குப் பருவக்காற்று அரபிக்கடலிலிருந்து ஈரத்தைச் சுமந்துகொண்டு வந்து இதில் முட்டுகிறது. முட்டிய காற்று மேலே ஏறித்தான் ஆகவேண்டும். மேலே ஏற ஏறக் குளிரும். குளிர்ந்த காற்றால் அத்தனை ஈரத்தையும் வைத்துக்கொள்ள முடியாது, கொட்டிவிடும். கேரளத்தில் ஆண்டுக்குச் சராசரியாக 3,000 மில்லிமீட்டர் அளவுக்கு மழை பெய்வதற்கும், தமிழ்நாட்டின் சராசரி ஆயிரத்துக்கும் கீழே நிற்பதற்கும் இதுதான் முக்கியக் காரணம். மலையைத் தாண்டி நம் பக்கம் இறங்குகிற காற்று மறுபடி சூடேறி உலர்ந்துவிடும். பள்ளிப் பாடத்தில் மழை மறைவுப் பகுதி என்று படித்தோமே, அது இதுதான். ஜூலை மாதம் திருநெல்வேலி ஜங்ஷனில் நின்று பாருங்கள். காற்று பலமாக அடிக்கும், மேற்கே வானம் கறுத்திருக்கும், ஆனால் சொட்டு மழை இருக்காது.

இந்தச் சுவர் அதன் தென்பகுதியில் மூன்று இடங்களில் நன்றாகத் தாழ்கிறது. வடக்கே பாலக்காட்டுக் கணவாய், தெற்கே ஆரல்வாய்மொழி, இரண்டுக்கும் நடுவே செங்கோட்டை – ஆரியங்காவுக் கணவாய். தென்காசிக்கு மேற்கே இருபுறமும் ஆயிரம் மீட்டருக்கு மேல் மலை எழும்பி நிற்க, நடுவில் சில நூறு மீட்டர் உயரத்தில் ஒரு பள்ளம். காற்றுக்கு இந்த இடத்தில் முழு உயரம் ஏறவேண்டிய கட்டாயம் இல்லை. ஈரத்தை முழுக்கக் கொட்டாமலேயே கிழக்கே வந்துவிடும். அகலமாக வந்த காற்று இடுங்கின வழியில் நுழைவதால் வேகமும் கூடும். கதவைச் சாத்தி ஓர் இடுக்கு மட்டும் விட்டால் அந்த இடுக்கில் காற்று விசிலடிக்கிறதே, அந்தக் கணக்குத்தான்.

சாரல் என்று இங்கே எல்லாரும் சொல்வது இப்படி வருவதுதான். பெரிய துளியாக விழுகிற மழை வேறு, இது வேறு. மலை முகட்டில் நிற்கும் மேகத்திலிருந்து காற்று பிய்த்துக்கொண்டு வருகிற பூந்துளி. நேராக விழாது, படுக்கைவாட்டில் வரும். குடை பிடித்தால் குடைக்கு அடியில் வரும். சட்டை நனைந்ததா என்று தொட்டுப் பார்த்தால் சந்தேகமாக இருக்கும், ஆனால் புருவ முடியில் முத்து முத்தாக நீர் நிற்கும். பல நேரம் வெயிலும் கூடவே அடிக்கும். ஐந்து நிமிஷத்தில் போய்விடும், பத்து நிமிஷத்தில் திரும்ப வரும். ஊர்க்காரர்கள் இதற்காகக் கடை ஓரத்தில் ஒதுங்குவதே இல்லை. அவர்கள் பாட்டுக்கு நடந்துகொண்டிருப்பார்கள்.

இந்தக் கணவாயை மனசில் வைத்துக்கொண்டு சுற்றினால் தனித்தனியாகக் கிடப்பதுபோல் தெரிந்த சங்கதிகள் ஒன்றோடொன்று சேர்ந்துகொள்ளும். காற்று நுழைந்த வழியில்தான் மனிதர்களும் நுழைந்திருக்கிறார்கள். திருநெல்வேலியிலிருந்து வந்த ரயில் பாதை செங்கோட்டை வழியாக மலையைத் தாண்டிக் கொல்லத்தைத் தொட்டது 1904-இல். மீட்டர் கேஜாக இருந்த அந்தப் பாதையை அகலப்படுத்தும் வேலை இழுத்து இழுத்து, செங்கோட்டை – புனலூர் மலைப்பகுதி முழுசாகத் திறந்தது 2018-இல்தான். தேசிய நெடுஞ்சாலையும் இதே பள்ளத்தில்தான் போகிறது. கார்த்திகை பிறந்தால் சபரிமலைக்குப் போகிற ஐயப்பன்மார் வண்டிகளும் இதே வழிதான்.

எல்லைக் கோடும் இங்கே ஒரு முறை இடம் மாறியிருக்கிறது. 1956 நவம்பர் 1-க்கு முன்னால் செங்கோட்டை திருவிதாங்கூர்ச் சீமையோடு சேர்ந்த ஊர். மொழிவாரி மாநிலப் பிரிவினையில்தான் சென்னை மாநிலத்துக்கு வந்தது. அதுவரை எல்லை, தென்காசிக்கும் செங்கோட்டைக்கும் நடுவில் பிரானூரில் இருந்தது. இன்றைக்கு மாநில எல்லை மேற்கே மலைமேல் கோட்டைவாசலில் இருக்கிறது. ஆனால் பிரானூருக்குப் ‘பார்டர்’ என்ற பேர் போகவில்லை. கேரள எல்லையே காணோமே, இதற்கு ஏன் பார்டர் பரோட்டா என்று பெயர் என்று கேட்கிறவர்களுக்கு இதுதான் பதில்.

சரி, ஒரு நாளை எப்படிப் போடுவது? நெல்லையிலிருந்து கிளம்புகிறவர்களுக்கு என் யோசனை ரயில். பஸ் ஆலங்குளம், பாவூர்சத்திரம் வழியாக நேராகப் போகும், அதில் மலை கடைசியில்தான் கண்ணுக்கு வரும். ரயிலோ சேரன்மகாதேவி, கல்லிடைக்குறிச்சி, அம்பாசமுத்திரம் என்று முதலில் தாமிரபரணிக் கரையோடு மலையடிவாரத்துக்குப் போய், அங்கிருந்து வடக்கே திரும்பி, ஆழ்வார்குறிச்சி, கீழக்கடையம் வழியாக மலையை இடது கைப்பக்கம் வைத்துக்கொண்டே வரும். இடது ஜன்னல் கிடைத்தால் விடாதீர்கள். சென்னைக்காரர்கள் பொதிகை எக்ஸ்பிரஸில் ராத்திரி ஏறினால் காலையில் இறங்கி, அன்று சாயங்காலமே திரும்பவும் ஏறலாம்.

தென்காசியில் இறங்கியதும் காசி விஸ்வநாதர் கோவில். 15-ஆம் நூற்றாண்டில் பராக்கிரம பாண்டியன் கட்டியது. பிற்காலத்தில் தன் கோவிலைப் பழுதுபார்த்துக் காப்பவர்களின் காலில் விழுவதாக அந்த ராஜா கல்வெட்டில் சொல்லி வைத்திருக்கிறான். அவன் பயந்த மாதிரியே கோபுரம் பாழாகி நெடுங்காலம் மொட்டையாக நின்றது. இப்போது நாம் பார்க்கும் ஒன்பது நிலைக் கோபுரம், சுமார் 178 அடி, 1990-இல் குடமுழுக்குக் கண்டது. கோபுர வாசலுக்குள் நுழையும்போது மேற்கேயிருந்து எதிர்க்காற்று முகத்தில் அடிக்கும், சில அடி தாண்டினால் பின்னாலிருந்து நம்மை உள்ளே தள்ளும் என்பது ஊரறிந்த சங்கதி. சீசன் மாதத்தில் போய் நின்று பாருங்கள். அத்தனை உயரமான கோபுரத்துக்கு அடியில் காற்றுக்கு இருப்பது அந்த ஒரே வாசல். மலையில் பெரிதாக நடக்கிற காரியம் இங்கே சின்னதாக நடக்கிறது.

அடுத்து, வெயில் ஏறுவதற்கு முன் சுந்தரபாண்டியபுரம். ‘ரோஜா’ படம் வந்த 1992-லிருந்தே சினிமாக்காரர்களுக்குப் பழக்கமான ஊர். ஜூலை, ஆகஸ்டில் இந்தப் பக்கமும் சாம்பவர்வடகரை, சுரண்டைப் பக்கமும் சூரியகாந்தி பூத்திருக்கும். கேரளத்திலிருந்து குடும்பம் குடும்பமாக வந்து இறங்குவார்கள். காலையில் போகச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. சூரியகாந்தி நாள் முழுக்கச் சூரியனோடு தலையைத் திருப்பிக்கொண்டே இருக்கும் என்று நினைக்கிறோம். செடி இளசாக இருக்கும்வரைதான் அப்படி. பூ முதிர்ந்து விரிந்துவிட்டால் கழுத்து இறுகி, கிழக்கே பார்த்தபடி நின்றுவிடும். காலை வெயிலில் சீக்கிரம் சூடேறும் பூவுக்கு வண்டும் தேனீயும் அதிகம் வரும் என்பதால் செடிக்கு அதில் லாபம். உங்களுக்கும் லாபம்தான். காலையில் வயலுக்குக் கிழக்கே நின்றால் சூரியன் முதுகுக்குப் பின்னால், பூக்கள் எல்லாம் உங்கள் முகத்தைப் பார்த்து, அவற்றுக்குப் பின்னால் மேற்கே மலை. சாயங்காலம் போனவர்கள் பூவின் முதுகைத்தான் படம் பிடிப்பார்கள்.

இன்னொன்று. அது பூந்தோட்டம் அல்ல, எண்ணெய் வித்து. ஒரு பூவை ஒடித்துத் தலையில் வைத்துப் படம் எடுத்தால் ஒரு தலை விதை போனது என்று அர்த்தம். வரப்பில் ஆள் நின்றால் கேட்டுவிட்டு இறங்குங்கள். பத்தோ இருபதோ கேட்டால் கொடுங்கள். மாய் சாவில் எதற்கெல்லாமோ கொடுக்கிறோம்.

அங்கிருந்து தென்காசி, செங்கோட்டை வழியாகப் புளியரை. மாய் சாவ் மாதிரி நம் பக்கத்தில் இருக்கும் பள்ளத்தாக்கு இதுதான். மலை மூன்று பக்கமும் கிட்டே வந்து நிற்க, நடுவே நெல். ஜூனில் நட்டு செப்டம்பரில் அறுப்பது கார், அக்டோபர் வாக்கில் தொடங்கி மாசி, பங்குனிக்குள் அறுப்பது பிசானம். நெல்லைச் சீமை நூற்றாண்டுகளாக நம்பியிருக்கும் இரண்டு போகம் இவை. காருக்குத் தென்மேற்குப் பருவம், பிசானத்துக்கு வடகிழக்குப் பருவம். தமிழ்நாட்டின் பெரும்பகுதி ஐப்பசி மழை ஒன்றையே பார்த்துக் காத்திருக்க, இங்கே ஆடி மாதத்திலேயே வயலில் தண்ணீர் நிற்பதற்கு மேற்கு மலையும் அதில் இருக்கிற கணவாயும்தான் காரணம். புளியரை தாண்டிச் சாலை ‘எஸ்’ வளைவாக மேலே ஏறும். ஒரு வளைவு ஏறிவிட்டுத் திரும்பிப் பார்த்தால் கட்டம் கட்டமாக வயல், ஓரத்தில் தென்னை, இடையில் ரயில் பாதை. வண்டியை மட்டும் வளைவில் நிறுத்தாதீர்கள். கேரளத்துக்குக் கல்லும் எம்-சாண்டும் ஏற்றிப்போகும் லாரிகள் அந்த வளைவுகளில் ஓயாமல் வந்துகொண்டிருக்கும்.

நேரம் இருந்தால் செங்கோட்டையிலிருந்து பண்பொழி வழியாக மேக்கரைக்கு ஒரு நடை. பண்பொழியில் தனிக் குன்றின் மேல் திருமலைக்கோவில் முருகன் இருக்கிறார். மேலே ஏறிப் பார்த்தால் குளமும் வயலும் தோப்புமாகச் சுற்று வட்டாரம் முழுக்க விரிந்து கிடக்கும். மேக்கரை அதற்கும் உள்ளே, அச்சன்கோவில் மலைப்பாதையின் அடிவாரம். அனுமன் நதியை மறித்துக் கட்டிய அடவிநயினார் அணை அங்கே. உயரம் 132 அடி. செங்கோட்டைக்கு அருகே இருக்கும் குண்டாறு அணை வெறும் 36 அடி. அதனால்தான் சீசன் தொடங்கியதும் ‘குண்டாறு நிரம்பியது’ என்ற செய்தி மாவட்டத்தில் முதல் ஆளாக வந்துவிடும். மேக்கரை, வடகரைத் தோப்புகளில் பொழுது சாய்ந்தால் யானை இறங்கும் காலங்கள் உண்டு. தென்னையையும் வாழையையும் பறிகொடுத்த விவசாயிகள் அங்கே ஏராளம். வெளிச்சம் இருக்கும்போதே வெளியே வந்துவிடுவது நல்லது.

இப்போது அருவி. குற்றாலத்தில் எல்லா அருவிக்கும் ஒரே தண்ணீர் என்று பலர் நினைக்கிறார்கள். பேரருவி சிற்றாற்றின் தண்ணீர். மேலே காட்டுக்குள் தேனருவி, செண்பகாதேவி என்று விழுந்து வந்து, பொங்குமாகடல் என்ற ஆழமான பாறைக் குழியில் விழுந்து, பொங்கி, பிறகு நம் தலையில் விழுகிறது. நடுவில் அந்தக் குழி வேகத்தை வாங்கிக்கொள்வதால்தான் அவ்வளவு உயரத்திலிருந்து வருகிற நீருக்கு அடியில் மனிதன் நிற்க முடிகிறது. ஐந்தருவிக்கு ஓடை தனி, பழைய குற்றாலத்துக்கும் தனி. ஒன்றில் கூட்டமாக, தண்ணீர் குறைவாக இருக்கும் நாளில் இன்னொன்றில் நன்றாக விழலாம். கேட்பதானால் “குற்றாலத்துல விழுதா” என்று கேட்காதீர்கள், “எந்த அருவியில எப்படி விழுது” என்று கேளுங்கள்.

இந்த ஓடைகளுக்கு நீர்பிடிப்பு மிகச் சிறியது, மலையோ செங்குத்து. காட்டுக்குள் ஒரு மணி நேரம் கனமழை கொட்டினால் அந்தத் தண்ணீர் தேங்கி நிற்க இடமில்லை, அப்படியே கீழே வரும். கீழே குளிப்பவர் தலைக்கு மேல் வெயில்கூட அடித்துக்கொண்டிருக்கலாம். 2024 மே மாதம் பழைய குற்றாலத்தில் திடீரென்று வந்த வெள்ளம் 17 வயது மாணவர் ஒருவரை அடித்துக்கொண்டு போனது இப்படித்தான். அதுவும் சீசன் தொடங்குவதற்கு முன்னால், கோடை மழையில். பேரருவியில் சுவரை ஒட்டி ஒரு பாதுகாப்பு வளைவு கட்டியிருக்கிறார்கள். தண்ணீர் அந்த வளைவைத் தாண்டி வெளியே விழ ஆரம்பித்தால் குளிக்கத் தடை. நிறமும் பாருங்கள். வெள்ளையாக விழுந்த நீர் செம்மண் நிறத்துக்கு மாறினால், சருகும் சுள்ளியும் கூட வந்தால், போலீஸ்காரர் விசில் ஊதும்வரை காத்திருக்க வேண்டாம், வெளியே வந்துவிடுங்கள். சோப்பு, ஷாம்பு, எண்ணெய் எதற்கும் அருவியில் அனுமதி இல்லை. கீழே இந்தத் தண்ணீர் குண்டாறு, அனுமன் நதி எல்லாவற்றையும் சேர்த்துக்கொண்டு, வழிநெடுக வயல்களுக்குப் பாய்ந்து, கடைசியில் தாமிரபரணியில் போய்ச் சேர்கிறது.

குளித்துவிட்டு வந்ததும் பழக்கடை. 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கிழக்கிந்தியக் கம்பெனிக்காரர்கள் இந்த மலையடிவாரத்தில் ஜாதிக்காயும் கிராம்பும் நட்டுப் பார்த்தார்கள். மலாய்த் தீவுகளில் வளரும் செடிகள் நெல்லைச் சீமையில் எப்படி வரும்? கணவாய் கொண்டுவரும் ஈரத்தை நம்பித்தான். இன்றைக்கு அதே ஈரத்தில் மங்குஸ்தானும் ரம்புட்டானும் டுரியானும் பழுக்கின்றன. வியட்நாமின் தென்பகுதிச் சந்தைகளிலும் இவைதான் குவிந்து கிடக்கும். மங்குஸ்தான் வாங்கும்போது காம்புப் பக்கம் பார்த்து வாங்குகிறோம். அடியைத் திருப்பிப் பாருங்கள். சின்னப் பூப்போல இதழ் விரித்த ஒரு தழும்பு இருக்கும். அதில் ஆறு இதழ் இருந்தால் உள்ளே ஆறு சுளை, ஏழு இருந்தால் ஏழு. இதழ் அதிகம் இருந்தால் சுளைகள் சிறிதாகவும் கொட்டை குறைவாகவும் இருக்கும். தோல் கல்லாக இறுகியிருந்தால் விட்டுவிடுங்கள், விரலால் அழுத்தினால் லேசாக நெகிழ வேண்டும்.

எந்த மாதம் போகலாம் என்று கேட்டால், சாரலுக்கும் சூரியகாந்திக்கும் பழத்துக்கும் சேர்த்து ஜூலை, ஆகஸ்ட். ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவம் பெய்தால் அருவிகளில் தண்ணீர் இன்னும் முரட்டுத்தனமாக விழும், தடை போடும் நாளும் அதிகம், ஐயப்ப பக்தர்கள் கூட்டமும் சேரும். ஆனால் வயல் பச்சை பிசானத்தில்தான் கெட்டி. மாசிக்குப் பிறகு அருவி நூலாகிவிடும். அப்போதும் கோவில் இருக்கிறது, மலை இருக்கிறது, ஆரியங்காவு வழியாகக் குகைக்குள் நுழைந்து போகும் ரயில் இருக்கிறது.

முன்பெல்லாம் சீசன் என்றால் வந்து தங்குவது. ரசிகமணி டி.கே.சி. குற்றாலத்திலேயே வீடு வைத்துக்கொண்டு, ராஜாஜி, கல்கி போன்றவர்களை வரவழைத்து உட்கார்த்திப் பேசிய காலம் அது. நமக்கு ஒரு நாள்தான் கிடைக்கிறது. அந்த ஒரு நாளில் எல்லாவற்றையும் பார்க்க முடியாது, எதையாவது விட்டுத்தான் ஆகவேண்டும். எதை விடலாம் என்று என்னைக் கேட்டால், ஞாயிற்றுக்கிழமை பேரருவியை விட்டுவிடுங்கள். ‘குளிக்கத் தடை’ என்று செய்தியில் வந்தாலும் பயணத்தை ரத்துசெய்யாதீர்கள். மலையில் மழை நன்றாகப் பெய்திருக்கிறது என்பதற்கு அதைவிட நல்ல சேதி கிடையாது. புளியரை வயலுக்குப் போக அன்றைக்கு எந்தத் தடையும் இல்லை.